நிரம்பாத கட்டம்

கட்டம் போட்ட நோட்டில் எட்டுக் கட்ட நீளத்துக்கு ஒரு பட்டை. இதுதான் ஒன்று. அதன் கீழே அதே நீளத்தில் இன்னும் இரண்டு பட்டைகள். முதல் இரண்டையும் முழுசாக நீலத்தில் தீட்டி, மூன்றாவதில் மூன்று கட்டம் மட்டும் தீட்டினால் 2 3/8. பக்கத்தில் சிவப்பில் 1 7/8: ஒரு முழுப் பட்டை, இன்னொன்றில் ஏழு கட்டம். இரண்டையும் கூட்ட வேண்டும்.

முழுசாக நிரம்பியவை மூன்று. அவற்றில் யோசிக்க எதுவுமில்லை. கண் போய் நிற்பது, ஏழு சிவப்புக்குப் பக்கத்தில் வெள்ளையாக இருக்கும் அந்த ஒற்றைக் கட்டத்தில்.

*

பள்ளியில் வழக்கமாகச் சொல்லித்தருவது வேறு வழி. தகா பின்னமாக மாற்றினால் 19/8, 15/8. கூட்டினால் 34/8. எட்டால் வகுக்க ஈவு 4, மீதி 2. விடை 4 2/8, சுருக்கினால் 4 1/4. அந்த வழியில் குறையொன்றும் இல்லை. ஆனால் நன்றாக இருந்த மூன்று பட்டைகளையும் 24 துண்டுகளாக உடைத்துவிட்டுத் திரும்பவும் ஒட்டவைக்கிறோம். படம் எதையும் உடைக்கச் சொல்வதில்லை. நீலத்தில் ஒரு கட்டத்தை எடுத்து வெள்ளை இடத்தில் வைத்தால் பட்டை நிரம்பிவிடும். நீலத்தில் மிச்சம் இரண்டு. நான்கும், எட்டில் இரண்டும்.

நிரம்பிய பட்டையில் ஏழு சிவப்பு, ஒரு நீலம். அழகுக்காக அதை ஒரே நிறமாக்க வேண்டாம். எது எங்கிருந்து வந்தது என்பது தெரியட்டும்.

*

3/8ஐயும் 7/8ஐயும் கூட்டி 10/16 என்று எழுதும் குழந்தையை எந்த வகுப்பிலும் பார்க்கலாம். மேலே எண், கீழே எண். இரண்டையும் கூட்டத் தோன்றுவது இயல்புதான். சிவப்பு மையில் அடித்துவிட்டுப் போவதால் அதற்கு ஒன்றும் விளங்காது. பட்டையைக் காட்டலாம். 10/16 என்பது 5/8. கையில் ஏற்கெனவே இருந்த 7/8ஐவிடக் குறைவு. சேர்த்த பிறகு குறையுமா என்று கேட்டுவிட்டு, பேசாமல் காத்திருக்க வேண்டும். கீழே இருக்கும் எட்டு, துண்டின் அளவைச் சொல்வது. அது எத்தனை துண்டு என்ற கணக்கில் சேராது என்பதைக் குழந்தை தானாகவே கண்டுபிடிக்கும். அந்தக் காத்திருப்பைத்தான் நம் வகுப்பறைகள் கொடுப்பதில்லை.

*

வரையாமல் மடித்தும் பார்க்கலாம். காகிதத்தை இரண்டாக மடித்து, மறுபடி மடித்து, இன்னொரு முறை மடித்தால் எட்டு. டி. சுந்தர ராவ் 1893இல் காகித மடிப்பை வைத்தே வடிவியல் சொல்லித்தரும் நூலைச் சென்னையில் ஆங்கிலத்தில் வெளியிட்டார். ஜெர்மானியக் கணித அறிஞர் ஃபெலிக்ஸ் கிளைனே அதை எடுத்துப் பேசினார். சதுரம், பலகோணம் என்று போகும் நூல் அது. ஆனால் மடிப்பின் மேல் விரலை ஓட்டும்போது இரு பக்கமும் சமம் என்று கைக்கே தெரிந்துவிடுகிறதே, பின்னத்துக்கும் அடிப்படை அதுதான். ஐந்து, ஏழு என்று வந்தால் மடிப்பு கைகொடுக்காது. அப்போது கட்ட நோட்டுதான். வட்டம் வரைவதில் எனக்கு விருப்பமில்லை. கையால் ஐந்து சம பங்கு போடுவதற்குள் கணக்கு மறந்துவிடும்.

*

வேலை ஏறக்குறைய முடிந்ததை ‘முக்காலே மூணு வீசம்’ என்கிறோம். வீசம் 1/16. நாலுக்கு நாலாகப் பதினாறு கட்டம் போட்டு, மூன்று வரிசையை முழுசாகத் தீட்டி, நாலாவதில் மூன்றைத் தீட்டினால் அந்தத் தொகை படமாகிவிடும். ஒரு மூலை மட்டும் வெள்ளை.

1 15/16ஓடு 2 3/16ஐக் கூட்டச் சொன்னால், பென்சிலை எடுக்கும் முன் அந்த மூலையைச் சற்று நேரம் பார்க்கச் சொல்வேன். மூன்றில் ஒன்று அங்கே போகும். முழுசு நாலு, மிச்சம் இரண்டு வீசம். இரண்டு வீசம் ஓர் அரைக்கால். எட்டுக் கட்டப் பட்டையில் ஒரே கட்டம். 4 1/8.