கொடாததைக் கொள்ளும் கண்

பெங்களூர் மல்லேஸ்வரத்தின் எட்டாம் குறுக்குச் சாலையில் காலை வேளையில் நின்றால், பூக்கூடைகளுக்கும் கீரைக் கட்டுகளுக்கும் பின்னே அமர்ந்திருக்கும் பெண்களைக் காண்கிறோம். அவர்களைப் படமெடுக்கும் இளைஞரையும் காண்கிறோம். எதிலும் குறுக்கிடாமல் எளிய மக்களின் வாழ்வை உள்ளவாறே பதிவு செய்வது அவர்தம் நோக்கம். தோளில் சுமக்கத்தக்க காமிராவும் உடனொலி பதியும் கருவியும் 1960ஆம் ஆண்டையொட்டி வந்தபின் மேல்நாடுகளில் வளர்ந்த முறை இது.

வெறுமனே பார்ப்பவன் யாருக்கும் தீங்கு செய்வதில்லை என்பர். நமக்கு அதில் ஐயம் உண்டு. பஞ்சசீலத்தின் இரண்டாம் சீலம் திருடாதே என்பதோடு நிற்கவில்லை; கொடுக்கப்படாததை எடாதிருத்தல் என்பதே அதன் சொற்பொருள். ஒருவருடைய களைத்த முகமும், பிள்ளையை அதட்டும் குரலும் அவருடைய உடைமையன்றோ?

சம்மதம் பெற்றால் போதாதா எனலாம். யாருடைய சம்மதம்? 1967இல் அமெரிக்கரான பிரெடெரிக் வைஸ்மன், மாசசூசெட்ஸ் மாநிலத்தில் மனநோயுற்ற கைதிகளை அடைத்திருந்த நிலையமொன்றைப் படமாக்கி 'டிடிகட் ஃபாலீஸ்' என வெளியிட்டார். நிலையத் தலைவர் அனுமதித்திருந்தார். ஆயினும் கைதிகளின் அந்தரங்கம் குலைந்ததென்று மாநில அரசு வழக்காடிற்று. 1991 வரை பொதுமக்கள் அப்படத்தைக் காண இயலவில்லை. (அரசு காக்க விரும்பியது கைதிகளின் மானத்தையா, தன் மானத்தையா என்பது வேறு கேள்வி.) தன் நிலையையே அறியமாட்டாதவர் தலையசைத்தால் அது கொடுத்ததாகுமா?

நம் நாட்டில் இக்கேள்வியைக் கேட்டவர் ஒரு குடிசைவாசிப் பெண். ஆனந்த் பட்வர்தன் 1985இல் முடித்த 'பம்பாய்: ஹமாரா ஷஹர்' என்னும் படம், குடிசைகள் இடிக்கப்பட்ட மக்களைப் பற்றியது. அதில் அப்பெண் காமிராவை நோக்கித் திரும்பி, ஏழைகளைப் படம் பிடித்து நீங்கள் பெயர் வாங்குகிறீர்கள், எங்களுக்கு என்ன செய்வீர்கள் என்ற பொருள்படச் சீறுகிறார். பட்வர்தன் அக்காட்சியை வெட்டி எறியவில்லை. படம் தேசிய விருது பெற்றது. 1986இல் குடிசை இழந்தோருக்காக அவர் உண்ணாநோன்பும் இருந்தார். அப்பெண்ணின் கேள்விக்கு இது முழு விடையன்று; ஆயினும் கேட்காததுபோல் நடந்துகொள்ளவில்லை.

மறுபுறமும் உண்டு. மனிதக் கழிவை மனிதர் அகற்றுவதை 2013ஆம் ஆண்டுச் சட்டம் தடுத்த பின்னும் அது தொடர்வதை, திவ்யபாரதி 2017இல் 'கக்கூஸ்' என்னும் படத்தில் காட்டினார். அதிலுள்ளோரை அயலாராகக் காண நம் வாசகர் பலரால் இயலாது. அத்தொழிலாளர் தாமே வாய் திறந்து பேசினர். தம் துயரை ஊர் அறியட்டுமென்று கொடுத்தனர். தமிழ்நாட்டில் பல இடங்களில் காவல்துறை அதைத் திரையிட விடவில்லை. கொடுக்கப்பட்டதைச் சேரவேண்டியவரிடம் சேரவிடாது தடுப்பதும் ஒருவகைக் களவென்றே கொள்கிறோம்.

மல்லேஸ்வரத்தில் படமெடுத்துக்கொண்டிருந்த இளைஞர் ஒருவரிடம், படம் முடிந்ததும் இப்பூக்கார அம்மாளுக்குக் காட்டுவீரோ என்று கேட்டோம். அவர் சற்றுத் திகைத்தார். அதை நினைக்கவேயில்லை என்றார். பிறகு காமிராவைத் தாழ்த்திவிட்டு, அந்த அம்மாளின் பெயரைக் கேட்கச் சென்றார்.