கொடையும் காண்டலும்: புதிய திரைப்படக் கலைஞர் நல்கை குறித்து

அதியமான் நெடுமான் அஞ்சி தம்மை நேரிற் காணாமல் அனுப்பிய பரிசிலைப் பெருஞ்சித்திரனார் ஏற்க மறுத்தார் (புறம். 208). பொருளின் அளவன்று, தம் புலமை அறியப்பட்டதா என்பதே அவர்தம் வினா. இலாப நோக்கற்ற கலை நிறுவனங்கள் புதிய திரைப்படக் கலைஞர்க்கு வழங்கும் நல்கைக்கும் இவ்வினா பொருந்தும்.

1993இல் பெங்களூரில் தோன்றி, நாடெங்கும் கலைஞர்க்கு நல்கை வழங்கிவரும் ‘இந்தியா ஃபவுண்டேஷன் ஃபார் தி ஆர்ட்ஸ்’ இந்திய மொழிகளிலும் விண்ணப்பங்களை ஏற்கின்றது. மும்பைத் தாராவியில் முதற்படம் எடுக்க முனையும் தமிழ் இளைஞர்க்கு இது சிறு உதவியன்று. எனினும் காட்டுதற்கு அவரிடம் முன்னைய படம் இராது. நிறுவனம் காண்பது திட்ட வரைவையே. நன்கு எழுதுபவர் நன்கு படமெடுப்பார் என்பது, எழுத்தையே அளவுகோலாகக் கொண்ட நம்மனோர்க்கு உவப்பாயினும், ஐயத்திற்குரியது.

படத்திற்கு முன் தாளைக் காணும் இவ்வியல்பு அரசின்பால் வேறு வடிவம் கொண்டது. 2004ஆம் ஆண்டு மும்பைப் பன்னாட்டு ஆவணப்பட, குறும்பட விழாவிற்கு இந்தியப் படங்கள் மட்டும் தணிக்கைச் சான்றிதழ் பெறவேண்டும் என விதிக்கப்பட்டது. எதிர்ப்பால் விதி விலக்கப்பெற்றும், குஜராத் வன்முறை பற்றிய ராகேஷ் சர்மாவின் ‘ஃபைனல் சொல்யூஷன்’ உள்ளிட்ட பல படங்கள் தேர்வு பெறவில்லை. ஆவணப்படக் கலைஞர்கள் தாமே கூடி, அதே நாள்களில் அந்நகரிலேயே ‘விகல்ப்’ என்னும் விழா நடத்தி அவற்றைத் திரையிட்டனர்.

விகல்ப் ஈந்தது பொருளன்று, பார்வையாளரை. ஆங்குப் படம் படமாகவே காணப்பெற்றது. ஆனால் அடுத்த படத்தின் செலவிற்கு அது உதவாது. பரிசிலை மறுத்த பெருஞ்சித்திரனாரே குமணன்முன் தம் இல்லத்துப் பசியைப் பாடியதும் (புறம். 160) உடன் எண்ணத்தக்கது.