பொதுநலப் பொய்யும் ஓர் இளைஞனும்
(சொபோக்கிளிஸின் ‘பிலோக்ரேற்றிஸ்’ எழுப்பும் வினா)

பலருடைய நன்மைக்காக ஒருவனை ஏமாற்றலாமா என்பது அறவியல் வகுப்புகளில் அடிக்கடி எழும் வினா. விடை தேடுவோர் பெரும்பாலும் இரு பெயர்களுள் ஒன்றைப் பற்றிக்கொள்வர். எந்நிலையிலும் பொய் கூடாதென 1797இல் வாதிட்ட கான்ற் ஒருபுறம். விளையும் பயனைக் கொண்டே செயலை அளக்க முனைந்த மில் மறுபுறம். அவர்கள் இருவருக்கும் ஈராயிரம் ஆண்டுகளுக்கு மேல் முற்பட்ட கிரேக்க அவல நாடகம் ஒன்று இதே வினாவை வேறோர் இடத்தில் நின்று கேட்டிருக்கிறது. கி.மு. 409இல் ஏதென்ஸில் மேடையேறி முதற்பரிசு பெற்ற ‘பிலோக்ரேற்றிஸ்’ என்பதே அந்நாடகம். அதனை அரங்கேற்றியபோது சொபோக்கிளிஸ் 85 வயதைக் கடந்திருந்தார்.

கதை பழையது. ‘இலியட்’ காவியத்தின் இரண்டாங் காண்டத்திலுள்ள கப்பற் பட்டியலிலேயே அதன் சுருக்கம் உண்டு. ஏழு கப்பல்களுக்குத் தலைவனாகத் துரோய் நகர் நோக்கிப் புறப்பட்ட பிலோக்ரேற்றிஸ், வழியிற் பாம்பு தீண்டியதால் ஆறாப் புண்ணுற்று லெம்னொஸ் தீவில் விடப்பட்டான். புண்ணின் நாற்றமும் அவன் எழுப்பிய ஓலமும் பலிச் சடங்குகளை நடத்தவொட்டாது தடுத்தன என்பது தோழர்கள் கூறிய காரணம். அவனிடம் இருந்தது ஒன்றே ஒன்று: ஹெராக்கிளிஸிடமிருந்து பெற்ற, குறி தவறாத வில். போரின் பத்தாம் ஆண்டில், சிறைப்பட்ட துரோய் நாட்டுக் குறிசொல்வோனாகிய எலெனஸ், அந்த வில்லும் வில்லாளனும் வந்தாலன்றி நகரம் வீழாதென்று கூறுகிறான். எவனைக் குப்பையென எறிந்தார்களோ அவனையே இப்போது தேடிச் செல்லவேண்டியதாயிற்று.

ஈஸ்கிலஸும் யூரிப்பிடிஸும் இக்கதையை முன்னரே நாடகமாக்கியிருந்தனர். அவை இன்று நமக்கு முழுமையாகக் கிடைக்கவில்லை. எனினும் மூன்றையும் ஒப்புநோக்கி டியோ கிறிசொஸ்தொம் எழுதிய உரை எஞ்சியுள்ளமையால், சொபோக்கிளிஸ் செய்த இரு மாற்றங்கள் தெளிவாகின்றன. மற்றையோர் நாடகங்களில் லெம்னொஸ் மக்கள் வாழும் தீவு, பாடற்குழுவினரே அத்தீவினர். சொபோக்கிளிஸ் அதனை ஆளரவமற்ற தீவாக்கினார். யூரிப்பிடிஸின் நாடகத்தில் ஒடிசியஸுடன் வந்தவன் டயமிடிஸ் என்னும் பழுத்த போர்வீரன். சொபோக்கிளிஸோ மாண்ட அக்கிலிஸின் மகனாகிய நியொப்ரொலமஸ் என்னும் இளைஞனைக் கொண்டுவந்தார். மனத்தில் ஒன்றும் வாயில் ஒன்றுமாக இருப்பவனை வெறுப்பதாக ஒடிசியஸின் முகத்துக்கு நேரே ‘இலியட்’டில் உரைத்தவன் அக்கிலிஸ். அவனுடைய மகனையே பொய்க்குக் கருவியாக்கும் பணி ஒடிசியஸுக்கு வாய்க்கிறது. நாடகத்தின் அற நெருக்கடி முழுவதும் இத்தெரிவிற் பிறந்தது என்பேன்.

ஒடிசியஸின் வாதத்தை எளிதிற் புறந்தள்ள இயலாது. வன்மை உதவாது, வில் அவன் கையில் இருக்கிறது. நயந்து கூறினாலும் உதவாது. பத்தாண்டு வெறுப்பு அவன் நெஞ்சில் இருக்கிறது. எனவே எஞ்சியது வஞ்சனை. ஒரு நாளின் சிறுபொழுதுக்கு வெட்கத்தைத் துறந்து தன்னிடம் உன்னை ஒப்படை, பின்னர் வாழ்நாள் முழுதும் நல்லவனென்று பெயரெடுக்கலாம் என்கிறான் அவன். அன்றைய பார்வையாளருக்கு இக்குரல் பழக்கமற்றதன்று. கி.மு. 411இல் ஏதென்ஸின் சனநாயகம் கவிழ்க்கப்பட்டபோது, பாரசீக மன்னனின் உதவி கிடைக்கும், நகரைக் காக்க வேறு வழியில்லை என்றே மக்களுக்குக் கூறப்பட்டது. உதவி வாராதெனத் தெரிந்த பின்னரும் சதியாளர் தம் வேலையை நிறுத்தவில்லை. நாடகத்தை ஓர் அரசியல் உருவகமாகச் சுருக்குவது என் நோக்கமன்று. ஆயினும், பொதுநலத்தின் பெயராற் பேசப்படும் பொய்யின் சுவையை அம்மக்கள் அறிந்திருந்தனர் என்பது மனங்கொள்ளத்தக்கது.

இளைஞன் இணங்குகிறான். தன் தந்தையின் படைக்கலங்களை ஒடிசியஸுக்கு அளித்துத் தலைவர்கள் தன்னை அவமதித்தனர் என்றும், சினந்து வீடு திரும்புவதாகவும் கதை கட்டுகிறான். பிலோக்ரேற்றிஸ் நம்புகிறான். ஏன் நம்புகிறான் என்பதே முக்கியம். பத்தாண்டுகளாகத் தன் குரலின் எதிரொலியையன்றி வேறொன்றும் கேளாதவனின் செவியில் தாய்மொழி விழுகிறது. வந்தோர் யாவரென அறியுமுன்னரே அம்மொழியைக் கேட்டு அவன் உருகுகிறான். ஒடிசியஸின் சூழ்ச்சி வெல்வது அதன் நுட்பத்தினாலன்று, வஞ்சிக்கப்படுபவனின் தனிமையினால். தருமன் துரோணரிடம் கூறிய பொய் நம்முள் சிலருக்கு நினைவுக்கு வரலாம். அது படைக்கலம் ஏந்திப் பொருதுகொண்டிருந்த எதிரியிடம் கூறப்பட்டது. இங்கோ நோயாளி ஒருவனின் நட்பே பொறியாகிறது.

இதன் பின்னர் வருவது கிரேக்க அரங்கின் மிகக் கொடிய காட்சிகளுள் ஒன்று. தீவைவிட்டுப் புறப்படும் வேளையில் நோய் மூண்டெழுகிறது. முதலில் அதனை மறைக்க முயல்கிறான். நாற்றமும் ஓலமும் கண்டு இவர்களும் தன்னை விட்டுச் சென்றுவிடுவரோ என்னும் அச்சம். மறைக்க முடியாதபோது சொற்கள் உடைந்து வெறும் ஒலிகளாகின்றன. மயங்கி வீழுமுன் வில்லைத் தானே இளைஞனின் கையில் ஒப்படைக்கிறான், காத்துத் தருமாறு. திட்டம் நிறைவேறிவிட்டது. பிலோக்ரேற்றிஸ் உறங்குகிறான், கப்பல் காத்திருக்கிறது, பாடற்குழுவினர் போய்விடலாம் என்கின்றனர். அவனோ அசையவில்லை. உறங்கியவன் கண்விழித்து, விட்டுச் செல்லாமைக்காக நன்றி கூறுகையில் இளைஞன் உண்மையைச் சொல்லிவிடுகிறான். எவரும் அவனுடன் வாதிட்டு அவன் மனத்தை மாற்றவில்லை. அவன் ஒரு வேதனையை அருகிருந்து கண்டான், அவ்வளவே.

இம்மாற்றத்தைத் தளர்ச்சியெனக் கொள்ளலாமா? ஏற்ற பணியை நிறைவேற்றாதவன் உறுதியற்றவன் அல்லனா? அரிஸ்ரோட்டில் தம் ‘நிக்கொமாக்கிய அறவியல்’ ஏழாம் நூலில், மனவுறுதியின்மையை ஆராயுமிடத்து இவ்விளைஞனையே இருமுறை எடுத்துக்காட்டுகிறார். ஒடிசியஸ் ஏற்கச் செய்த முடிவிலிருந்து அவன் விலகியது புகழத்தக்கது, பொய் அவனை வருத்தியது என்பது அவர் கருத்து. கொண்ட கொள்கையில் நிற்பது அதனளவிற் சிறப்பாகாது. எக்கொள்கையில் நிற்கிறோம் என்பதும் கேட்கப்படவேண்டும். ஆனால் அரிஸ்ரோட்டில் வேகமாகக் கடந்து செல்லும் ஓரிடத்தில் நான் தயங்குகிறேன். உண்மையைக் கூறிய பின்னரும் இளைஞன் வில்லைத் திருப்பிக் கொடுக்கவில்லை. மேலோரின் ஆணையென்று கூறி அதனைத் தன்னிடமே வைத்துக்கொள்கிறான். வில்லின்றேல் அத்தீவில் வேட்டையில்லை, வேட்டையின்றேல் உணவில்லை. பொய்யை ஒப்புக்கொண்டு அதன் ஊதியத்தை மட்டும் வைத்துக்கொள்ளும் இந்நிலை நம் எல்லோருக்கும் நெருங்கியது. வாளின் பிடியிற் கைவைத்து ஒடிசியஸ் தடுக்கவும் அஞ்சாது, வில்லை உரியவனிடம் மீட்டுக் கொடுக்கும்போதே அவனுடைய உண்மை முழுமையடைகிறது.

பயன்வாதி இங்கு ஒரு மறுப்பை எழுப்புவான்: உண்மையும் ஒரு சிறந்த உபாயந்தானே, பொய் பெறாததை அது பெற்றிருக்குமே என்று. நாடகம் அவ்வாறுதலை நமக்கு அளிக்கவில்லை. வில்லைக் கொடுத்தபின் நியொப்ரொலமஸ் நேர்மையாக வேண்டுகிறான்: துரோய்க்கு வந்தால் நோய் தீரும், புகழும் கிட்டும் என்கிறான். ஒவ்வொரு சொல்லும் உண்மை. பிலோக்ரேற்றிஸ் மறுத்துவிடுகிறான். தன்னை எறிந்தவர்களின் முகத்தில் விழிப்பதைக் காட்டிலும் புண்ணோடு வீடு செல்வதே மேலென அவன் கருதுகிறான். முன்பு பொய்யாக வாக்களித்தவாறே அவனை வீடு சேர்ப்பதாக இளைஞன் இப்போது மெய்யாக ஏற்கிறான். கிரேக்கப் படை தன் நாட்டைப் பழிவாங்கலாம், போர் தோல்வியில் முடியலாம் என்றறிந்தே ஏற்கிறான். இருவரும் கப்பலை நோக்கி நடக்கின்றனர். மனிதரளவில் நாடகம் அங்கு முடிந்துவிட்டது. துரோய் வீழாது.

ஆனால் துரோய் வீழ்ந்ததென்பது யாவரும் அறிந்த கதை. ஆகவே ஹெராக்கிளிஸ் விண்ணிலிருந்து தோன்றி இருவரையும் துரோய்க்குச் செல்லப் பணிக்கிறான். இம்முடிவைக் குறையெனக் கூறுவோர் உளர். எனக்கு அது நேர்மையாகவே படுகிறது: உண்மைக்கு இளைஞன் கொடுத்த விலையை மனிதரால் ஈடுசெய்ய இயலாதென ஆசிரியர் ஒப்புக்கொள்கிறார். விடைபெறுமுன் அத்தெய்வம் ஓர் எச்சரிக்கையும் விடுக்கிறது. நகரை அழிக்கும்போது தெய்வங்களுக்குரியவற்றை மதியுங்கள் என்கிறது. ஏதென்ஸின் பார்வையாளர் அதனைக் கேட்டு நடுங்கியிருப்பர். சியூஸின் பலிபீடத்தில் அடைக்கலம் புகுந்த முதியவன் பிரயாமை, துரோய் வீழ்ந்த இரவில் வெட்டி வீழ்த்தியவன் இதே நியொப்ரொலமஸ் என்பதை அவர்கள் அறிவர்.