நகக்கண்ணில் கிரீஸ்

வேகமாக ஓட்டுகிறவர்கள் பலர். ஓட்டும்போதே இன்ஜினின் குரலைக் கேட்கிறவர்கள் சிலர். கோவை கரிவரதன் அந்தச் சிலரில் ஒருவர். பந்தயத்தில் ஓட்டியவர், மாருதி 800 இன்ஜினை வைத்துப் பந்தயக் காரும் கட்டியவர். 1995-இல் விமான விபத்தில் போய்விட்டார். செட்டிப்பாளையம் பந்தயத் தளம் அவர் பெயரில் இருக்கிறது. கோப்பை மேடையில் தெரியும். உழைப்பு, நகக்கண்ணில் ஒட்டிய கிரீஸில்தான் தெரியும்.

நம் தஞ்சைப் பக்கம், வரப்பில் நின்றபடியே பக்கத்து வயல் டீசல் இன்ஜினின் சத்தம் மாறுவதைச் சொல்லிவிடுகிற ஆட்கள் இன்னும் உண்டு. எந்தப் பந்தயத்துக்கும் போனதில்லை அவர்கள். குறுவைக்குத் தண்ணீர் பாயும்போது இன்ஜின் நின்றால், ஸ்பானரோடு அவர்கள் ஓடுகிற ஓட்டத்தைப் பார்க்க வேண்டும்.