சுஜாதாவின் இரண்டு இயந்திரங்கள்

ஸ்ரீரங்கத்தில் பாட்டியின் வீட்டில் வளர்ந்த ரங்கராஜன், திருச்சி செயின்ட் ஜோசப் கல்லூரியில் இயற்பியலும் குரோம்பேட்டை எம்.ஐ.டி.யில் மின்னணுவியலும் படித்தவர். மனைவி சுஜாதாவின் பெயரைச் சூட்டிக்கொண்டு எழுத வந்தார். 1968இல் குமுதத்தில் 'நைலான் கயிறு' தொடர்கதை தொடங்கியது. கல்லூரிப் பையன்களும் பெண்களும் அடுத்த வார இதழுக்குக் காத்திருக்கும் காலமும் அதோடு வந்தது.

வரப்போவதை முன்பே சொன்னவர் என்று அவரைப் புகழ்வார்கள். எனக்கு அது சின்னப் பாராட்டாகவே படுகிறது. அவர் கைபட்ட இரண்டு இயந்திரங்களைச் சேர்த்து யோசித்தால்தான் அவர் எவ்வளவு ஆழமாகக் கவலைப்பட்டார் என்பது புரிகிறது.

ஒன்று, மின்னணு வாக்குப்பதிவு இயந்திரம். பெங்களூரு பாரத் எலெக்ட்ரானிக்ஸில் அதை உருவாக்கியதில் அவருக்கு முக்கியப் பங்கு உண்டு. சின்னத்துக்குப் பக்கத்தில் இருக்கும் பொத்தானை அழுத்துகிறோம். சிவப்பு விளக்கு எரிகிறது, 'பீப்' என்று நீண்ட ஒலி. வாக்குச்சாவடி அலுவலர் தன் பெட்டியில் அடுத்த வாக்குக்கு அனுமதி தரும்வரை, எத்தனை முறை அழுத்தினாலும் அது அசையாது. அந்த இயந்திரத்துக்கு அபிப்பிராயமே கிடையாது. இருக்கவும் கூடாது, அதன் நேர்மையே அதில்தான் இருக்கிறது.

இன்னொன்று ஜீனோ. 80களில் ஆனந்த விகடனில் வந்த 'என் இனிய இயந்திரா'வின் நாய் ரோபாட். கதை நடப்பது 2020களில். பிள்ளை பெறவும் அரசாங்க அனுமதி வேண்டும். பெயர்கள்கூட இரண்டே எழுத்து. ஜீவா என்ற தலைவரை எல்லோரும் கொண்டாடுகிறார்கள். அவரோ வெறும் ஒளிப்பிம்பம். கணவனைத் தேடி அலையும் நிலாவுக்குத் துணையாக வரும் ஜீனோ, புத்தகம் படிக்கிறது, சந்தேகப்படுகிறது, கேள்வி கேட்கிறது. அதைப் படித்த பிள்ளைகள் ஜீனோவின் மேல் உயிரையே வைத்தார்கள். வெறுமனே சமர்த்தான நாயாக இருந்திருந்தால் இவ்வளவு பாசம் வந்திருக்காது.

சொன்னதை மட்டும் செய்யும் பெட்டிக்குப் பாடுபட்டவரேதான் கேள்வி கேட்கும் நாயையும் படைத்தார். இதில் முரண் இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை. பெட்டி எவ்வளவு பிசகில்லாமல் எண்ணினாலும், பொத்தானை அழுத்துகிறவர் யோசிக்காமல் அழுத்தினால் ஒரு பிம்பமும் ஆட்சிக்கு வந்துவிடும். ஜீவாவின் நாட்டில் இயந்திரங்கள் ஒழுங்காகவே வேலை செய்தன. மனிதர்கள்தான் கேட்பதை நிறுத்தியிருந்தார்கள்.

'ஏன், எதற்கு, எப்படி' என்ற அவருடைய கேள்வி பதில் பகுதியையும் நான் இதோடு சேர்த்தே வாசிக்கிறேன். பள்ளிப் பிள்ளையின் சந்தேகத்தையும் மதித்துப் பதில் எழுதினார். வாரா வாரம், சலிக்காமல்.