முதல் அடி வைத்தவர்

மலையாளத்தின் முதல் திரைப்படம் 'விகதகுமாரன்'. ஜே.சி. டேனியல் எடுத்த அந்த மௌனப் படத்தின் நாயகி பி.கே. ரோசி. தலித் பெண்ணான அவர், திரையில் நாயர் பெண்ணாக வந்தார். திருவனந்தபுரம் கேப்பிடல் அரங்கில் அதைக் கண்ட ஆதிக்க சாதியினர் கொதித்தார்கள்; திரைமீது கல் விழுந்தது. உயிர் தப்ப ஊரைவிட்டு ஓடிய ரோசி, நாகர்கோவிலில் ராஜம்மாள் என்ற பெயரில் வாழ்ந்து மறைந்தார். மறுபடி நடிக்கவேயில்லை. படச்சுருளும் மிஞ்சவில்லை.

ஆனால் இன்று சென்னையில் அவர் பெயரால் திரைப்பட விழா நடக்கிறது. கல்லெறிந்தவர்களின் பெயர் யாருக்கும் நினைவில்லை.

நாம் நடக்கும் பாதையில் நமக்கு முன்பே முள் மிதித்தவர் ஒருவர் உண்டு. இன்று அவரை ஒரு கணம் நினைப்போம்.