யார் வீட்டுப் பிள்ளை?

பிலிப் புல்மன் 1995இல் வெளியிட்ட ‘நார்தர்ன் லைட்ஸ்’ நாவலின் கற்பனை உலகில், வானத்திலிருந்து கண்ணுக்குத் தெரியாத ஒரு தூசு இறங்குகிறது. வயது வந்தவர்கள் மேல் அது வந்து படிகிறது. குழந்தைகளைப் பெரும்பாலும் அண்டுவதில்லை. அந்த உலகை ஆட்டிப் படைக்கும் மதபீடத்துக்குத் தூசைப் பற்றித் திட்டமாகத் தெரிந்தது இவ்வளவே. இதை வைத்து என்ன முடிவுக்கு வரலாம்? வளர வளர மனிதனிடம் ஏதோ சேர்கிறது என்று சொல்லலாம். அது என்ன என்று தேடலாம். மதபீடமோ ஆதிபாவத்துக்குக் கண்கண்ட சாட்சி கிடைத்துவிட்டதாக முடிவு கட்டியது. பாவம் என்று பெயர் வைத்தாயிற்று. பிறகு கத்தியை எடுக்க எவ்வளவு நேரமாகும்?

அந்த உலகில் மனிதனின் ஆன்மா உடலுக்கு வெளியே ஒரு விலங்கின் உருவில் கூடவே வாழ்கிறது. டீமன் என்று பெயர். குழந்தையின் டீமன் நினைத்தபோது பூனையாகும், அந்துப்பூச்சியாகும். பருவம் வந்ததும் ஓர் உருவில் நிலைத்துவிடும். தூசு படியத் தொடங்குவதும் அப்போதுதான். அதற்கு முன்பே பிள்ளையையும் டீமனையும் வெட்டிப் பிரித்துவிட்டால் பாவம் ஒட்டாது அல்லவா? வடதிசைப் பனிவெளியில் போல்வாங்கர் என்ற நிலையத்தில் அதைத்தான் செய்கிறார்கள். சுத்தமான படுக்கை, வேளைக்குச் சாப்பாடு, அதிர்ந்து பேசாத செவிலியர், ஒரு கத்தி. வெட்டப்பட்ட டோனி என்ற சிறுவன், டீமன் இருக்க வேண்டிய இடத்தில் ஒரு காய்ந்த மீனை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு கிடக்கிறான். விடிவதற்குள் செத்துப்போகிறான்.

அங்கே வெட்டுவதற்காகக் கடத்தி வரப்பட்டவர்கள் யாருடைய பிள்ளைகள்? லண்டன் தெருவில் திரிந்தவன், படகில் வாழும் நாடோடிகளின் மகன், கல்லூரிச் சமையலறையில் வேலை பார்த்த ரோஜர். இந்தத் திட்டத்தையே நடத்துகிற கோல்ட்டர் அம்மையார், கத்திக்கு அடியில் லைரா என்ற சிறுமியைக் கண்டதும் பதறிப்போய் நிறுத்துகிறாள். ஏன்? லைரா அவள் பெற்ற மகள். பிறகு அதே வாயால், இது சின்ன வெட்டு, உங்கள் நன்மைக்குத்தான் என்கிறாள். நல்லதென்றால் எனக்கு மட்டும் ஏன் தடுத்தாய் என்று சிறுமி கேட்கிறாள். அந்தக் கேள்விக்கு எந்த வேதத்தில் பதில் இருக்கிறது?

கற்பனைதானே என்று தள்ளிவிடாதீர்கள். தேவாலயத்தில் பெண் பாடக்கூடாது, ஆனால் உச்சக்குரல் மட்டும் வேண்டும் என்று ஐரோப்பா சில நூற்றாண்டுகள் சிறுவர்களின் விரையை அகற்றியது. பலரும் ஏழை வீட்டுப் பிள்ளைகள். போப்பின் சிஸ்டைன் ஆலயத்தில் பாடிய அலெஸ்ஸாந்த்ரோ மொரெஸ்கி இறந்தது 1922இல். அவர் குரல் ஒலித்தட்டில் இன்றும் இருக்கிறது. போல்வாங்கருக்கு முன்னுதாரணமாக நாவலே இந்தக் கொடுமையைச் சுட்டுகிறது.

தன் பிள்ளைக்கே செய்கிறவர்களும் உண்டே, அவர்களிடம் என்ன கேட்பீர்கள் என்பீர்கள். நியாயமான கேள்வி. பெண்ணுறுப்புச் சிதைப்புக்கு ஆளாகி இன்று உயிரோடிருக்கும் பெண்களும் சிறுமிகளும் 23 கோடிக்கு மேல் என்று யூனிசெஃப் 2024இல் கணக்கிட்டது. சிறுமியைக் கைபிடித்து அழைத்துப் போகிறவள் பல வீடுகளில் தாய் அல்லது பாட்டி. தூய்மை, கல்யாணம், ஊர்வழக்கம் என்று காரணம் சொல்கிறார்கள். அவர்களுக்கு அன்பில்லை என்று நான் சொல்லமாட்டேன். அன்பு இருந்தால் வலி குறைந்துவிடுமா? வெட்டியவரின் மனம் சுத்தம் என்பது வெட்டுப்பட்டவளுக்கு என்ன ஆறுதல்? ஆகவே யார் வீட்டுப் பிள்ளை என்ற கேள்வி மட்டும் போதாது. அந்தப் பிள்ளை அறிந்து சம்மதித்ததா, சம்மதிக்கும் வயது வரும்வரை காத்திருந்தீர்களா என்றும் கேட்க வேண்டும். உயிர் காக்கும் சிகிச்சை வேறு. அங்கே நோய் இருக்கிறது, சான்று இருக்கிறது.

கடவுளை மறுப்பவர்களே, இது மதவாதிகளின் குற்றம் என்று நிம்மதியாக உட்கார்ந்துவிடாதீர்கள். லைராவின் தந்தை ஆஸ்ரியல் பிரபு மதபீடத்தின் பரம எதிரி. வானத்தில் இருக்கும் ஆட்சியையே கவிழ்க்கப் புறப்பட்டவன். இன்னொரு உலகுக்கு வழி திறக்க ஆற்றல் தேவைப்பட்டபோது அவனும் ஒரு சிறுவனைத்தான் வெட்டினான். அந்தச் சமையலறை ரோஜரை. தன் மகளின் உயிர்த்தோழனை. மதபீடம் பாவத்தைக் காரணம் சொன்னது, இவன் விடுதலையைக் காரணம் சொன்னான். ரோஜருக்கு என்ன வித்தியாசம்? சொர்க்கத்தை மறுத்ததாலேயே ஒருவன் நல்லவனாகிவிடுவதில்லை. செய்த காரியத்துக்குப் பொறுப்பேற்க வேறு யாரும் இல்லை என்று ஆகிறது. அவ்வளவுதான். அந்தச் சுமையைத் தாங்க மனமில்லாதவன் கடவுளின் பெயரைச் சொல்லாவிட்டால் வரலாற்றின் பெயரைச் சொல்வான், புரட்சியின் பெயரைச் சொல்வான்.

அந்தத் தூசு உண்மையில் என்ன? 2000இல் வந்த, இதே தொடரின் மூன்றாம் நாவலில் விடை முழுமையாகிறது. அது பாவமல்ல, உணர்வு. மனிதர்கள் சிந்திக்கும்போதும், கற்றதைப் பிறருக்குக் கொடுக்கும்போதும், பரிவோடு நடக்கும்போதும் புதிதாகப் பிறக்கிறது. பிள்ளைகளை வெட்டிக் காப்பாற்ற நினைத்தது அவர்களுடைய அறிவிலிருந்தே!

பிள்ளையின் நன்மைக்குத்தான் என்று யாராவது உங்களிடம் சொன்னால், முதலில் கத்தியைக் கீழே வைக்கச் சொல்லுங்கள். காரணத்தை அப்புறம் பேசிக்கொள்ளலாம். சொல்கிறவர் உங்கள் குருவாக இருந்தாலும், உங்கள் கட்சித் தலைவராக இருந்தாலும், உங்களைப் பெற்ற தாயாகவே இருந்தாலும்.